பெரியப்பாவின் பல் செட்

“விதி என்ன? இன்னொரு தடவை சொல்லு,” என்றாள் சித்தி.

ஸ்டியரிங்கைப் பிடித்திருந்த ரேடியோ பெருமூச்சு விட்டான். “இந்தக் கேஸ் முடியற வரைக்கும் நான் அந்த வார்த்தைய சொல்லக் கூடாது.”

“சொன்னா?”

“விசிட்டிங் கார்டுல ‘உதவியாளர்’தான்.”

“சொல்லலேன்னா?”

“‘துணைத் துப்பறிவாளர்’.” சொல்லும்போதே அவனுக்கு நாக்கில் சர்க்கரை பட்டதுபோல் இருந்தது.

அந்த வார்த்தை என்ன என்று கேட்கிறீர்களா? பந்தயம் அவனுக்குத்தானே தவிர கதை சொல்பவருக்கு இல்லை. ஆகவே தாராளமாகச் சொல்லலாம். ‘செட்.’ ரேடியோ அந்த ஒரே ஆங்கிலச் சொல்லை வைத்துக்கொண்டு வாழ்க்கையையே ஓட்டிவிடுவான். சாவி பூட்டில் சேரவில்லையா, செட் ஆகல. கூடப் படித்தவர்களா, நம்ம செட்டு. போன வேலை, அதற்கு முந்தின வேலை, அதற்கும் முந்தின காதல், எல்லாமே ‘செட் ஆகல சித்தி’. அவனுடைய அம்மாவின் தங்கையான சித்தி, வயதில் கொஞ்சம் மூத்தவள், வாயில் ரொம்பவே மூத்தவள். இன்ஷூரன்ஸ் கம்பெனியில் பொய்யாக எரிந்த கடைகளையும் பொய்யாக ஒடிந்த கால்களையும் கண்டுபிடித்துக்கொண்டிருந்துவிட்டு, சொந்தமாகத் துப்பறியும் அலுவலகம் போட்டவள். ஒரு சொல்லுக்கு அத்தனை அர்த்தம் இருந்தால் பேசுகிறவன் ஒன்றையும் யோசிக்கவில்லை என்று அர்த்தம் என்பது அவளுடைய கட்சி. ரேடியோ என்ற பட்டப்பெயரும் அவள் வைத்ததுதான். பேட்டரி தீராத ரேடியோ.

“பந்தயம் பிடிச்சாச்சு. இப்பவாவது எங்க போறோம்னு சொல்லுங்க.”

“சினிமா ஸ்டூடியோ.”

கார் ஒரு குலுங்கு குலுங்கி நேரானது. “சித்தி! இது அநியாயம். அங்க எல்லாரும் அந்த வார்த்தையத்தானே மென்னு துப்புவாங்க?”

“காணாமப் போன பொருள் என்னன்னு கேக்கலியே?”

“என்ன?”

“ஒரு வயசான நடிகர் வாயில மாட்டற பல்லு. மொத்தமா அதுக்கு ஒரு பேர் இருக்குமே, என்னது அது?” சித்தி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். அவளுடைய தோள்கள் குலுங்கியது கண்ணாடியில் தெரிந்தது.

ரேடியோ பல்லைக் கடித்துக்கொண்டான். அதாவது சொந்தப் பல்லை.

ஸ்டூடியோ வாசலைத் தாண்டுவதற்குள்ளேயே அந்த வார்த்தை நாலு பக்கமும் அவனைச் சூழ்ந்துகொண்டது. வாட்ச்மேன் “எந்த செட்டுக்கு?” என்றார். “மூணு சுவர் மட்டும் இருக்கற வீட்டுக்கு,” என்றான் ரேடியோ. யாரோ ஒருவர் ஜெனரேட்டர் செட்டை அணைக்கச் சொல்லிக் கத்தினார். ஒரு பெண் இன்னொரு பெண்ணிடம் முடி செட் ஆகவில்லை என்று அழாத குறையாகச் சொன்னாள். காதில் ஹெட்செட் மாட்டிய ஒருவன் டீ கப் செட்டைத் தூக்கிக்கொண்டு ஓடினான். சந்தைக்குள் காலி வயிற்றோடு வந்தவன்போல் ரேடியோ நடந்தான்.

மேனேஜர் எதிரே ஓடி வந்தார். சில மாதங்களுக்கு முன் காணாமல் போன கேமரா லென்ஸைச் சித்தி அரை மணியில் கண்டுபிடித்துக் கொடுத்ததிலிருந்து, அவருக்குச் செருப்பு தொலைந்தாலும் அவளுக்குத்தான் போன்.

“மேடம், பெரியப்பாவோட பல் செட்டைக் காணோம்! எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல.”

“யாருக்குப் பெரியப்பா?” என்றாள் சித்தி.

“எல்லாருக்கும்தான். ஐம்பது வருஷமா படத்துல பெரியப்பாவாவே நடிச்சாரு, அதுவே பேராயிடுச்சு. இன்னிக்கு அவருக்கு ஒரு முழுப் பக்க வசனம். படுக்கையில கிடக்கற அப்பா மகன்கிட்ட பேசறாரு. பல்லு இல்லாம பேசினா வெறும் காத்துதான் வருது. ஷூட்டிங் கேன்சல் ஆனா முதலாளி என் கழுத்தப் பிடிப்பாரு. நான் யார் கழுத்தயாவது பிடிக்கணும் இல்லியா?”

“யார் கழுத்து கிடைச்சுது?”

மேனேஜர் குரலைத் தாழ்த்தினார். “அவருக்கு டச்-அப் பண்ற அம்மா. பல்லு வைக்கற டப்பா அந்தம்மா பைக்குள்ள காலியா இருந்துச்சு. போன வாரம் லீவு கேட்டா, நான் தரல. அந்தக் கோபத்துல பண்ணிட்டா. லஞ்ச் பிரேக் முடியறதுக்குள்ள பல்லு வரலேன்னா அந்தம்மா வெளிய போகணும். அப்புறம் எந்தக் கம்பெனியிலயும் வேலை கிடைக்காது, அதுக்கு நான் பொறுப்பு.”

“மத்த இடமெல்லாம் தேடிட்டீங்களா?”

“குப்பைக் கூடைய கவிழ்த்துப் பாத்தாச்சு. வேன் சீட்டைக் கழட்டியாச்சு. ஒரு இடம் பாக்கியில்ல மேடம்.”

மேக்கப் அறையில் டச்-அப் அக்கா தன் பெட்டியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பவுடர், பஞ்சு, சீப்பு எல்லாவற்றையும் யாரோ வெளியே கொட்டிச் சோதனை போட்டுவிட்டுப் போயிருந்தார்கள். அவள் ஒவ்வொன்றாகத் துடைத்துத் திரும்ப அடுக்கிக்கொண்டிருந்தாள். அழுது முடித்த முகம். சித்தியைக் கண்டதும் எழுந்தாள்.

“உக்காருங்க,” என்றாள் சித்தி. “டப்பா எப்பவுமே உங்ககிட்டதான் இருக்குமா?”

“ஆமாம்மா. பல்லு அவர் வாயில இருக்கும், டப்பா என் பையில இருக்கும். பல்லு வாயில இருக்கறப்ப டப்பா காலியாத்தானே இருக்கணும்? அந்த மேனேஜருக்கு அது புரியல.”

“ஞாயம்தான்,” என்றான் ரேடியோ. “நான் செருப்பப் போட்டுக்கிட்டு வெளிய போனா, காலி ஸ்டாண்டைப் பாத்து வீட்ல போலீஸ கூப்பிடறதில்ல.”

அக்கா சிரிக்கப் பார்த்தாள், முடியவில்லை. “காலையில நான் மேக்கப் போடறப்ப பல்லு இருந்துச்சு. இல்லேன்னா கன்னம் உள்ள ஒட்டியிருக்குமே, எனக்குத் தெரியாதா? அப்புறம் போய்க் கட்டில்ல படுத்தாரு. முதுகு காட்டிப் படுக்கறதுதான் ஷாட்டு, அதனால டச்-அப் வேலை இல்ல. சும்மா ரெண்டு தடவை கிட்டப் போய்ப் போர்வையச் சரி பண்ணேன். பிரேக் விட்டதும் வாயப் பொத்திக்கிட்டு வந்து பல்லக் காணோம்னாரு.”

“சாப்பிட்டாரா?”

“சாப்பிட்டாரு. பால்ல ஊற வெச்ச ரொட்டி. காலையில வந்ததுமே இன்னிக்கு அது போதும்னுட்டாரு. மத்த நாள்ல எலும்பக்கூட விட மாட்டாரும்மா, அப்படிக் கடிப்பாரு.” அக்காவின் குரல் உடைந்தது. “பதினஞ்சு வருஷமா அந்த முகத்தத் தொட்டு வேலை பாக்கறேன். வேலை போனாக்கூடத் தாங்கிக்குவேன். திருடின்னு பேர வாங்கிக்கிட்டு எப்படிம்மா வெளிய போறது?”

வழக்கமாக இந்த மாதிரி இடத்தில் ரேடியோவுக்கு ஒரு ஜோக்காவது வந்துவிடும். இன்றைக்கு வரவில்லை.

பெரியப்பா படப்பிடிப்பு நடக்கும் ஷெட்டின் கடைசி மூலையில், கட்டிலுக்கு முதுகைக் காட்டி நாற்காலியைப் போட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார். தோளில் கிடந்த துண்டால் வாயை மூடியிருந்தார். எத்தனையோ படங்களில் குடும்பப் பஞ்சாயத்துகளைத் தீர்த்துவைத்த மூக்கும் புருவமும் அப்படியே இருந்தன, அதற்குக் கீழேதான் ஆளைக் காணோம்.

“எப்பங்க கழட்டுனீங்க?” என்றாள் சித்தி.

“ஞாபகம் இல்லம்மா.” ஒவ்வொரு சொல்லோடும் காற்று கூடவே வந்தது.

“எங்க வெச்சீங்க?”

“ஞாபகம் இல்ல.”

“டச்-அப் அக்கா கையில குடுத்தீங்களோ?”

“இல்ல!” துண்டு கீழே விழுந்தது. “அவகிட்ட குடுக்கவே இல்ல. அவ மேல ஒரு தப்பும் இல்ல. அத மேனேஜர்கிட்ட சொல்லுங்கம்மா. நான் சொன்னா, வயசானவர் இரக்கப்பட்டுச் சொல்றாருங்கறான்.”

வெளியே வந்ததும் ரேடியோ, “நல்ல மனுஷன். தங்கமானவர்,” என்றான்.

“ஆமா,” என்றாள் சித்தி. “எப்ப, எங்கன்னு ஒண்ணும் ஞாபகம் இல்ல. யார்கிட்ட குடுக்கலங்கறது மட்டும் கல்வெட்டு மாதிரி ஞாபகம் இருக்கு.”

“நல்லவங்களையும் சந்தேகப்படணுமா சித்தி? உங்களுக்கும் மனுஷங்களுக்கும்...” வார்த்தை தொண்டை வரை வந்துவிட்டது. ரேடியோ அதை மென்று விழுங்கினான். “...ஒத்துப்போகாது.”

“பொழச்சே,” என்றாள் சித்தி.

படுக்கையறை அரங்கு ஷெட்டின் நடுவே இருந்தது. மூன்று சுவர்கள், ஒரு கட்டில், எங்கேயும் போகாத ஒரு கதவு. கட்டிலுக்குப் பக்கத்தில் ஒரு சின்ன மேஜை. அதன்மேல் இருந்தவற்றையெல்லாம் ஒரு வெள்ளைத் துணி மூடியிருந்தது. ரேடியோ ஸ்டைலாகத் தூணில் கையூன்றிச் சாய்ந்தான். கை புதைந்தது.

“ஐயையோ, பிளாஸ்டர் இன்னும் செட் ஆகல சார்!” என்று கத்திக்கொண்டே ஒருவர் ஓடி வந்தார். படத்துக்கு வேண்டிய பொருள்களையெல்லாம் எடுத்து வைத்துப் பாதுகாக்கும் ப்ராப்பர்ட்டிக்காரர். இடுப்பில் ஒரு சாவிக்கொத்து, கையில் ஒரு தண்ணீர் பாட்டில்.

“காயலன்னு சொல்லக் கூடாதா? நல்ல தமிழ்,” என்று ரேடியோ வெள்ளைக் கையை உதறினான். பக்கத்தில் சித்திக்கு இருமல் வந்துவிட்டது.

ப்ராப்பர்ட்டிக்காரர் தூணைத் தடவிச் சரிசெய்துவிட்டு மேஜைக்குப் போனார். துணியின் ஒரு ஓரத்தை விரலால் தூக்கி, உள்ளே தலையை விட்டு, பாட்டிலிலிருந்து சொட்டுச் சொட்டாக எதற்கோ தண்ணீர் ஊற்றினார். ரேடியோவுக்குத் தெரிந்தது ஒரு கண்ணாடி டம்ளரின் விளிம்பு மட்டும்.

“யாருக்குண்ணே தண்ணி? மேஜைக்குத் தாகமா?”

“லைட்டு சூட்டுல தண்ணி குறையும் தம்பி. காலை ஷாட்டுல இருந்த அளவு அப்படியே இருக்கணும். கன்டினியூட்டி.” அவர் துணியை மறுபடி இழுத்துவிட்டார். “ஒரு ஷாட்டு எடுத்தாச்சுன்னா, ஸீன் முடியற வரைக்கும் இங்க இருக்கற எதையும் ஒருத்தரும் தொட மாட்டோம். தேடறேன் தேடறேன்னு பிரேக் விட்டதுலேர்ந்து எல்லாத்தையும் கவிழ்த்தாரே மேனேஜர், அவரே இந்தத் துணி பக்கம் வரல. வந்தா கன்டினியூட்டி பாக்கற பொண்ணு கடிச்சு வெச்சிடும்.”

“அந்தப் பொண்ணுக்காவது பல்லு இருக்கே,” என்றான் ரேடியோ.

சித்தி கேட்டாள்: “உங்ககிட்ட பொய்ப் பல்லு எதுவும் இல்லியா? ஒரு அவசரத்துக்கு?”

“ஒரு பெட்டி நிறைய இருக்குங்க.” அவர் பெருமையோடு மூலையிலிருந்த மரப்பெட்டியைத் திறந்து காட்டினார். பூதத்தின் பல், கிழவியின் பல், வில்லனின் தங்கப் பல் எல்லாம் பஞ்சுமேல் இளித்துக்கொண்டு கிடந்தன. “ஆனா இதெல்லாம் கேமராவுக்குக் காட்டற பல்லு. மாட்டிக்கிட்டு ‘அம்மா’ன்னுகூட சொல்ல வராது.”

“இதுல எதுவும் குறையுதா?”

“எப்படிங்க குறையும்? போன படம் முடிஞ்சப்ப பூட்டினது. சாவி என் இடுப்புல. இன்னிக்கு உங்களுக்காகத்தான் திறக்கறேன்.”

டைரக்டர் மானிட்டர் முன்னால் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தான். தாடி இருந்தும் இளமை மறையாத முகம்.

“காலையில என்னென்ன எடுத்தீங்க தம்பி?” என்றாள் சித்தி.

அதைக் கேட்டதும் பையனுக்கு உயிர் வந்தது. கைகளால் ஒரு சதுரம் காட்டினான். “வாசல்ல மகன் நிக்கறான். அப்பா முதுகு காட்டிப் படுத்திருக்காரு. முன்னாடி மேஜை, அதுதான் மேடம் மொத்த வீட்டோட கதை. விளக்கு, மூக்குக் கண்ணாடி, மாத்திரை, டம்ளர்ல கழட்டிப் போட்ட பல்லு. அந்தப் பல்லு நான் சொல்லாமலே ஆர்ட் டிபார்ட்மெண்ட்ல வெச்சது. பாத்ததும் கை தட்டிட்டேன். ஒரே மைண்ட்செட்ல வேலை செய்யற ஆளுங்க கிடைச்சா அதுதான் வரம்.”

ரேடியோ நிமிர்ந்தான். “டம்ளர்ல பல்லா? அது எங்கேர்ந்து வந்துச்சு?”

“ப்ராப்பர்ட்டி பெட்டியிலேர்ந்துதான். வேற எங்கேர்ந்து வரும்?”

ரேடியோவின் மூளைக்குள் ஏதோ கொக்கி மாட்டியது. பெட்டி பூட்டியே இருந்தது. எதுவும் குறையவில்லை. அப்படியானால் டம்ளரில் கிடக்கும் பல் எந்தப் பெட்டியிலிருந்தும் வந்ததில்லை. அவன் சித்தியைத் தேடித் திரும்பினான். சித்தி அங்கே இல்லை, சாப்பாட்டு மேஜைக்காரரிடம் ஏதோ கேட்டுக்கொண்டிருந்தாள். அந்தப் பக்கம் ஷெட்டின் பெரிய கதவு திறந்துகொண்டிருந்தது. டச்-அப் அக்கா பெட்டியைத் தூக்கிக்கொண்டு நடக்க, மேனேஜர் பின்னாலேயே, “நிக்காதே, நட. பிரேக் முடிஞ்சுது,” என்று விரட்டிக்கொண்டிருந்தார். வேலை செய்கிறவர்கள் எல்லாரும் கையை நிறுத்தி வேடிக்கை பார்த்தார்கள்.

“மேனேஜர் சார்! அந்தப் பல்லோட... அந்த வரிசை...” என்றான் ரேடியோ. யார் காதிலும் விழவில்லை. “வாயில மாட்டற அந்த மொத்த... அணி...” ஒரு லைட்மேன் மட்டும் திரும்பி, பாவம் யார் பெற்ற பிள்ளையோ என்பதுபோல் பார்த்தார். அக்கா கதவைத் தாண்டக் காலை எடுத்து வைத்தாள்.

ரேடியோ கண்ணை மூடிக்கொண்டு அடித்தொண்டையிலிருந்து கத்தினான்.

“பல் செட்டு! பெரியப்பாவோட பல் செட்டு இங்கயே செட்டுலதான் இருக்கு! அந்த டம்ளர்ல!”

அந்தக் கத்தலில் அக்கா நின்றாள். துணைத் துப்பறிவாளர் பதவி சிறகு முளைத்துப் பறந்துபோனதை ரேடியோ மனக்கண்ணால் பார்த்தான்.

எல்லாரும் மேஜையைச் சுற்றிக் குவிந்தார்கள். கன்டினியூட்டி பார்க்கும் பெண் இரண்டு கைகளையும் விரித்துக் குறுக்கே நின்று, “பாருங்க, ஆனா தொடாதீங்க,” என்றாள். துணி விலகியது. விளக்கு, மூக்குக் கண்ணாடி, மாத்திரை. டம்ளர் தண்ணீரில், அளவு பிசகாமல், அழகாகச் சிரித்துக்கொண்டிருந்தது பெரியப்பாவின் பல் செட். காலையிலிருந்து மூன்று ஷாட்டில் நடித்தும் முடித்துவிட்டது.

ப்ராப்பர்ட்டிக்காரர் பேய் முழி முழித்தார். “நான் ஆர்ட் டைரக்டர் கடையில வாங்கி வெச்சாருன்னு நினைச்சேன்.”

ஆர்ட் டைரக்டர் தொண்டையைக் கனைத்தார். “நான் இவர் பெட்டியிலேர்ந்து எடுத்து வெச்சாருன்னு நினைச்சேன். டைரக்டர் கை தட்டினாரு. சரி, தட்டினா தட்டட்டுமேன்னு...”

ரேடியோ அக்காவைப் பார்த்துச் சிரித்தான். சிரிப்பு பாதியில் நின்றுவிட்டது. மேனேஜர் விரலை நீட்டிக்கொண்டிருந்தார்.

“நான் சொன்னேன் பாத்தீங்களா? போர்வையச் சரி பண்றேன்னு ரெண்டு தடவை கட்டில் பக்கம் போனது யாரு? இதே அம்மாதான். கழட்டி வாங்கி இதுல போட்டுட்டா. பல்லு கிடைச்சுடுச்சு, திருடியும் கிடைச்சுட்டா!”

அக்காவின் முகம் வெளுத்தது. நன்மை செய்யப் போய்ப் பள்ளத்தை ஆழமாக்கிவிட்டோமே என்று ரேடியோ நினைத்தான். கார்டும் போச்சு, அக்காவும் போனாள். அவன் சித்தியைத் தேடினான்.

சித்தி கூட்டத்துக்குள் வரவே இல்லை. மூலையில் இன்னும் முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்த பெரியப்பாவுக்கு எதிரே ஒரு ஸ்டூலைப் போட்டுக்கொண்டிருந்தாள். பிரேக் விட்டதிலிருந்து ஊரே தேடிய பல் கிடைத்து இத்தனை கூச்சல் கேட்டும், பல்லுக்குச் சொந்தக்காரர் மட்டும் எழுந்து வந்து பார்க்கவில்லை. அது அப்போதுதான் ரேடியோவுக்கு உறைத்தது. அவன் அவர்களிடம் ஓடினான்.

“ரொட்டி நல்லா ஊறியிருந்துச்சுங்களா?” என்று சித்தி கேட்டுக்கொண்டிருந்தாள்.

பெரியப்பா துண்டை எடுத்து மறுபடி வாயை மூடிக்கொண்டார்.

“சாப்பாட்டுக்காரர்கிட்டயும் கேட்டேன். காலையில வந்ததுமே சொல்லியிருக்கீங்க. வாயில பல்ல வெச்சுக்கிட்டே, பல்லு இல்லாதவங்க சாப்பாட்டைக் கேட்டிருக்கீங்க.” அவள் குரலில் அதட்டல் இல்லை. வீட்டில் திருட்டுத்தனமாக இனிப்பு சாப்பிட்ட மாமாவைக் கேட்கிற மாதிரிதான் கேட்டாள்.

அவர் துண்டை மடியில் இறக்கினார். பிறகு லேசாகச் சிரித்தார். “ஐம்பது வருஷம்மா. ஷாட்டுல வெச்ச பொருள ஒருத்தன் தொட மாட்டான். பேங்க் லாக்கர்கூட அவ்வளவு பத்திரம் இல்ல.”

“ஏங்க பெரியப்பா?” என்றான் ரேடியோ. அவனை அறியாமலே உறவுமுறை வந்துவிட்டது.

“வசனம் நிக்கல தம்பி. நேத்து கண்ணாடி முன்னாடி நின்னு பேசினேன். பாதி வந்துச்சு, அப்புறம் மனசுல வெறும் வெள்ளை. என் வாழ்க்கையில ஒரு ரீடேக் கேட்டதில்ல நான். இந்தப் பசங்க முன்னாடி வாயத் திறந்துட்டு முழிக்கணுமான்னு பயந்துட்டேன். பல்லு இல்லேன்னா ரெண்டு நாள் தள்ளிப் போடுவாங்க, அதுக்குள்ள படிச்சுடலாம்னு...” அவர் கண் கதவுப் பக்கம் போனது. “அவ மேல பழி விழும்னு சத்தியமா நினைக்கல. விழுந்ததும் சொல்லத்தான் பாத்தேன். சொன்னா மறதி வந்துடுச்சுன்னு ஊருக்கே தெரிஞ்சு போகும். அப்புறம் யாரு கூப்பிடுவா?”

“நான் சொல்லட்டுமா, நீங்க சொல்றீங்களா?” என்றாள் சித்தி.

பெரியப்பா எழுந்தார். துண்டை நாற்காலியிலேயே விட்டுவிட்டு, வாயை மறைக்காமல் நடந்துபோய்க் கூட்டத்தின் நடுவில் நின்றார்.

“மேனேஜரே, கைய இறக்கு,” என்றார். “பல்ல டம்ளர்ல போட்டது நான். மறந்து போடல, வேணும்னே போட்டேன். எனக்கு வசனம் மறந்துபோகுது. அத மறைக்கத்தான் போட்டேன். இந்தப் பொண்ணுகிட்ட நான் மன்னிப்பு கேக்கணும்.”

மேனேஜர் முகத்தில் ஈயாடவில்லை. அக்கா பெட்டியைத் தொப்பென்று கீழே வைத்துவிட்டு அவரிடம் வந்தாள். ரேடியோ அழுகையை எதிர்பார்த்தான். வந்தது திட்டு.

“பதினஞ்சு வருஷம் கூடவே நிக்கறேன், எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா? கேமராவுக்குப் பின்னாடி நின்னு நான் வாயசைச்சிருப்பேன், பாத்துப் பேசியிருப்பீங்க! உங்க வசனம் எல்லாம் எனக்கு மனப்பாடம். பெரிய மனுஷனாம்!” திட்டிக்கொண்டே தன் பஞ்சை எடுத்து அவர் கண்ணோரத்தைத் துடைத்தாள். “அழாதீங்க, மேக்கப் கலையுது.”

மேனேஜர் சுதாரித்துக்கொண்டார். அக்காவைப் பார்த்து, “மன்னிச்சுக்கோம்மா. நீ கேட்ட லீவ நாளைக்கே எடுத்துக்கோ,” என்று முணுமுணுத்துவிட்டு உடனே கையைத் தட்டினார். “சரி சரி. பல்ல எடுத்து மாட்டுங்க. அந்தம்மா வாயசைக்கட்டும், ஷூட்டிங் நடக்கட்டும்.”

“முடியாது!” கன்டினியூட்டி பெண் மறுபடி கையை விரித்தாள். “பல்லு டம்ளர்ல இருக்கறத ஷாட்டுல எடுத்தாச்சு. அடுத்த ஷாட்டுல வாயில எப்படி வரும்?”

“அப்ப காலை ஷாட்டெல்லாம் திரும்ப எடுங்க.”

“மகனா நடிக்கறவரு ஃப்ளைட்டு ஏறிட்டாரு சார்.”

மேனேஜர் தூணில் தலையை முட்டிக்கொள்ளப் போனார். தூண் இன்னும் காயவில்லை என்று ப்ராப்பர்ட்டிக்காரர் பிடித்து இழுத்தார்.

ரேடியோவுக்கு எல்லாம் போய்விட்டது, இனி வாயை அடக்கி என்ன லாபம்? “அட விடுங்க சார்,” என்றான். “பல்லக் கழட்டி டம்ளர்ல போட்டுட்டு எந்த அப்பாங்க ஒரு பக்க வசனம் பேசுவாரு? எங்கப்பா பல்லு இருந்தும் பேச மாட்டாரு. நான் ஊருக்குக் கிளம்பினா விளக்கத்தான் பாத்துக்கிட்டு இருப்பாரு.”

சிலர் சிரித்தார்கள். டைரக்டர் சிரிக்கவில்லை. டம்ளரைப் பார்த்தான், பெரியப்பாவின் ஒட்டிய கன்னத்தைப் பார்த்தான், கையிலிருந்த வசனத் தாளை நாலாக மடித்துப் பாக்கெட்டில் போட்டுக்கொண்டான்.

“பெரியப்பா, வசனம் கிடையாது. மகன் வாசல்ல நிக்கறான். திரும்பிப் பாருங்க, அவ்வளவுதான்.”

விளக்குகள் எரிந்தன. பெரியப்பா கட்டிலில் திரும்பினார். மகன் நின்ற இடத்தில் இப்போது யாரும் இல்லை, சுவரில் ஒட்டிய டேப் துண்டு மட்டும்தான் இருந்தது. அதைப் பார்த்து அவர் முகம் மலர்ந்தது. பேச வாயைத் திறந்தார். பல் இல்லாதது அப்போதுதான் நினைவு வந்தது. கை டம்ளரை நோக்கிப் போய், பாதி வழியில் நின்றது. பிள்ளையின் முன்னால் அதை எடுத்து மாட்ட வெட்கப்பட்டு, கையைத் திரும்ப இழுத்துப் போர்வை நுனியால் வாயைப் பொத்திக்கொண்டார். போர்வைக்கு மேலே கண்கள் மட்டும் சிரித்தன. அத்தனை சொல்லும் அந்தக் கண்ணில் இருந்தது. ‘கட்’ சொல்ல வேண்டிய டைரக்டர் அதை மறந்தே போனான். அக்காதான் பின்னாலிருந்து அவன் தோளைத் தட்டினாள்.

திரும்பி வரும்போது காரில் வெகுநேரம் பேச்சே இல்லை. ரேடியோவின் கையில் பிளாஸ்டர் காய்ந்து விரலை மடக்க முடியாமல் இறுகியிருந்தது.

“பேட்டரி போயிடுச்சா?” என்றாள் சித்தி.

“இல்ல சித்தி. எங்கப்பாவுக்கு ஒரு போன் பண்ணணும்னு நினைச்சேன்.” கொஞ்சம் பொறுத்து, “பந்தயத்துல நான் தோத்துட்டேன். ஒரே மூச்சுல மூணு தடவை சொன்னேன். உதவியாளர்னே போட்டுடுங்க,” என்றான்.

“அப்ப சொல்லாம விட்டிருந்தா கார்டு கிடைச்சிருக்குமே. ஏன் சொன்னே?”

“அக்கா கதவைத் தாண்டிட்டிருந்தாங்களே சித்தி. அந்த நேரத்துல வேற வார்த்தை எதுவும் எனக்கு...” நாக்கின் நுனியில் அது வந்து நின்றது. அவன் அதற்குமேல் சொல்லவில்லை.

சித்தி போனை எடுத்து அச்சகத்துக்காரரைக் கூப்பிட்டாள். “ஆமாங்க, விசிட்டிங் கார்டுதான். ரெண்டு செட்டு போடுங்க. ஒரு செட்டுல என் பேரு. இன்னொரு செட்டுல எங்க அக்கா பையன் பேரு. பேருக்குக் கீழ என்ன போடணும்னா... எழுதிக்கறீங்களா?”

ரேடியோ வாயைப் பிளந்துகொண்டு அவள் பக்கம் திரும்பினான். “சித்தி! நீங்க இப்ப அந்த வார்த்தைய...”

“ரோட்டைப் பாத்து ஓட்டுங்க,” என்றாள் சித்தி, “துணைத் துப்பறிவாளரே.”